சுவரைப் பார்த்த சப்பாத்து

சிப்பாய் பங்களாவில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் காலையிலேயே மூக்காயி கையிலிருந்த விளக்குமாற்றைக் கீழே போட்டுவிட்டாள். பயந்துபோய்ப் போட்டாள் என்று சிலர் சொல்வார்கள். பயம் இல்லை. அது என்னவென்று சொல்ல அவளுக்குக் கடைசிவரை ஒரு பேர் கிடைக்கவில்லை, அவ்வளவுதான்.

அம்பிட்டிய போகிற ரோட்டில், கண்டி வாவியைக் கீழே விட்டுவிட்டு மேலே ஏறினால், பலா மரங்களுக்கு நடுவில் தடித்த கற்சுவர் வைத்த நீளக் கட்டிடம் ஒன்று இருந்தது. முன்னொரு காலத்தில் பட்டாளம் தங்கிய இடம். பட்டாளம் போன பிறகு, செத்துப்போன புருஷனின் நினைவாக ஒரு வெள்ளைக்காரத் துரைசானி எழுதி வைத்த சொத்தில், வீடு வாசல் இல்லாத பழைய சிப்பாய்கள் காலம் கழிக்கிற விடுதியாக அது மாறியது. வாசலில் பித்தளைத் தகட்டில் இங்கிலீசில் பெரிய பேர் இருந்தது. ஊர் சனம் அதைச் சிப்பாய் பங்களா என்றுதான் சொன்னது.

முதல் பெரிய சண்டை முடிந்து ஏழெட்டு வருடம் ஆகியிருந்த நேரம். அன்றைக்கு ஹந்தானை மலை முழுவதும் பனி மூடிக் கிடந்தது. தொங்கவிட்டிருந்த தண்டவாளத் துண்டில் மணி அடித்ததும் கிழவர்கள் ஒவ்வொருவராக முற்றத்துக்கு இறங்கி வந்தார்கள். ஒருவருக்கு ஓயாத இருமல். ஒருவருக்கு முதுகு வில்லாக வளைந்திருந்தது. கண் தெரியாத ஒருவர் முன்னால் போகிறவரின் தோளைப் பிடித்துக்கொண்டு வந்தார். ஒற்றைக் காலும் கக்கத்தில் கம்புமாக இன்னொருவர். தோட்டத்து ஆஸ்பத்திரி வாசலில் மருந்துக்கு நிற்கிற சனம் மாதிரி இருக்கிறதே என்று மூக்காயி இரக்கப்பட்டாள்.

அந்த இரக்கம் மனசுக்குள் பாதி வந்துகொண்டிருக்கும்போதே ஒரு குரல் கேட்டது.

"அட்டென்ஷன்."

கத்தின குரல் இல்லை. ஆனால் பனிகூட அந்த இடத்தில் நின்றுபோன மாதிரி இருந்தது. இருமல் நின்றது. வளைந்த முதுகு எங்கே போனதென்று தெரியவில்லை. கண் தெரியாதவரின் முகம் நேராகக் கொடிக்கம்பத்தைப் பார்த்தது. ஒற்றைக்காலர் கம்பை உடம்போடு ஒட்டி நிறுத்தி, இல்லாத காலையும் சேர்த்து வைத்தவர் போல நின்றார். அத்தனை கிழவர்களும் ஒரே மனிதனாக ஆகிவிட்டார்கள். விளக்குமாறு விழுந்தது. குனிந்து எடுக்கப்போன மூக்காயி, தன் இரண்டு குதிகாலும் ஒட்டி நிற்பதைக் கண்டாள்.

அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் சார்ஜன்ட் ஹாஷிம். எல்லாருக்கும் சாஜன் ஐயா. மலாய்க்காரர். அந்தக் காலத்து ரைபிள் படையில் பியூகிள் ஊதுகிற பொடியனாகச் சேர்ந்து, படை கலைந்த பின் ஆயுதப் பொலிசில் சார்ஜன்ட்டாக இருந்து ஓய்ந்தவர். பொண்டாட்டி பிள்ளைகளை வாந்திபேதியில் பறிகொடுத்தவர். வயது எழுபதைத் தாண்டிவிட்டது. பல் எல்லாம் போனதால் பியூகிள் இப்போது சுவரில் தொங்கியது. குரலுக்குப் பல் தேவைப்படவில்லை.

மூக்காயி வந்தது தெல்தெனியப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றிலிருந்து. அவளுக்கு முன்னால் பிறந்த பிள்ளைகள் எல்லாம் தொட்டிலிலேயே போய்விட்டன. அதனால் இவள் பிறந்ததும் பெற்றவள் இவளைக் குப்பைமேட்டில் கிடத்தினாள். பக்கத்து லயத்துக்காரி தூக்கி வந்தாள். அவளுக்கு ஒரு படி தவிடு கொடுத்துத் தன் பிள்ளையைத் தானே வாங்கிக்கொண்டாள் தாய். பிறகு மூக்கைக் குத்தி, மூக்காயி என்று பேர் வைத்தார்கள். எமன் வந்து பார்த்தான், குப்பையில் கிடந்ததை எவன் தூக்குவான் என்று திரும்பிப் போய்விட்டான் என்று அவளுடைய அப்பன் சொல்வான். இதைக் கேட்டு யாராவது சிரித்தால் மூக்காயிக்குப் பிடிக்காது. "சிரிக்கிறீங்களே, நான் உங்க முன்னாடி நிக்கிறேன்ல?" என்று கேட்பாள்.

கொழுந்து பறித்தாள். கலியாணம் கட்டினாள். புருஷன் காய்ச்சலில் போனான். பிள்ளை இல்லை. அப்புறம் துரை பங்களாவில் எடுபிடி வேலை செய்தாள். துரை சீமைக்குக் கப்பல் ஏறியதும், பங்களாவில் சமைத்த அப்பு அவளைக் கண்டிக்குக் கூட்டிவந்து இங்கே சேர்த்துவிட்டான். கூட்டுவது, கழுவுவது, தண்ணீர் தூக்குவது அவள் வேலை. குசினி ஆஸியா உம்மாவுடையது. ஆஸியா உம்மா தெரு முனைக்குக் கேட்கிற தொண்டைக்காரி. அந்தத் தொண்டையும் சாஜன் ஐயாவைக் கண்டால் தணிந்துவிடும்.

பங்களாவின் நாள் கடிகாரம் மாதிரி ஓடியது. எழும்பினதும் கட்டில் துணி மடிக்க வேண்டும். கம்பளியின் நான்கு மூலையும் கத்தியால் வெட்டின மாதிரி இருக்க வேண்டும். பிறகு கொடி. பிறகு கஞ்சி. பீங்கான் தட்டைக் கழுவி அவரவர் கவிழ்த்து வைக்க வேண்டும். வெயில் ஏறினால் தோட்டத்தில் கொஞ்சம் களை பிடுங்குவார்கள். பின்னேரம் விறாந்தையில் கார்ட்ஸ் விளையாட்டு. அங்கேதான் சண்டை, கேலி எல்லாம். பஸ்ரா சண்டையில் காலைப் பறிகொடுத்த கணபதி எப்போதும் கள்ளம் விளையாடுவார். பிடித்துவிட்டால், "கால் போனவன் கையாவது நீளட்டும்யா" என்பார். கீழே புத்தர் கோயிலான தலதா மாளிகையில் பொழுது சாய்கிற மேளம் கேட்டதும் சீட்டுக்கட்டு மடியும்.

இவர்கள் மனுஷரைக் கொன்றவர்கள், மனுஷர் சாகக் கண்டவர்கள். அதே கையால் கம்பளியை இவ்வளவு பதமாக மடிக்கிறார்களே என்று மூக்காயி பார்த்துக்கொண்டே நிற்பாள். அவர்களிடம் கேட்கக் கூச்சம். ஒரு நாள் கணபதியிடம் மட்டும் கேட்டாள்.

"அண்ணே, வயசான காலத்துல இதெல்லாம் எதுக்கு? கொஞ்சம் கசங்கிக் கெடந்தா என்ன?"

"கசங்கினா ஒண்ணுமில்ல தாயி. நாங்க வெறும் கெழவனுங்களாப் போயிடுவோம், அவ்வளவுதான்."

கட்டில்கள் இரண்டு வரிசை. தலைமாடு சுவர்ப் பக்கம், கால்மாடு நடுநடைப் பக்கம். ஒவ்வொரு கால்மாட்டிலும் ஒரு சோடி பட்டாளத்துத் தோல் சப்பாத்து, முனை இரண்டும் நடையைப் பார்த்தபடி. கணபதிக்கு மட்டும் ஒற்றைச் சப்பாத்து. அவரவர் சப்பாத்தை அவரவர்தான் மினுக்குவார்கள். மூக்காயி தரை கழுவும்போது சோடிகளைத் தூக்கிக் கட்டிலில் வைத்துவிட்டு, காய்ந்ததும் இருந்தபடியே இறக்கி வைப்பாள். ஏன் எல்லாம் நடையைப் பார்க்கின்றன என்று அவள் கேட்கவும் இல்லை, யாரும் சொல்லவும் இல்லை. அதைப் பற்றி வாய் திறப்பதே கூடாது என்று அந்தக் கிழவர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு. அவள் வந்த பிறகு அங்கே யாரும் சாகவில்லை. அதனால் கண்ணால் காணவும் வழியில்லை.

ஐப்பசி மழை தொடங்கியபோது சாஜன் ஐயாவுக்குக் காய்ச்சல் வந்து போனது. ஆள் எழும்பிவிட்டார், கை மட்டும் நடுங்கியது. ஒரு வெள்ளிக்கிழமை காலையில் அவர் சப்பாத்துக்கு மை பூசிக்கொண்டிருந்ததை மூக்காயி தூணுக்குப் பின்னால் நின்று பார்த்தாள். மை டப்பா கையிலிருந்து விழுந்து உருண்டது. எடுத்தார். மறுபடியும் விழுந்தது. அவர் சுற்றிப் பார்த்தார், யாராவது கண்டார்களா என்று. பாதி மினுங்கின சப்பாத்தை அப்படியே வைத்துவிட்டு, செருப்பைப் போட்டுக்கொண்டு டவுன் பள்ளிவாசலுக்கு ஜும்ஆத் தொழுகைக்கு இறங்கிவிட்டார்.

மூக்காயிக்கு நெஞ்சு பொறுக்கவில்லை. கோயிலில் விளக்குத் துலக்குகிற மாதிரி அந்தச் சப்பாத்தைத் துலக்கினாள். தையல் இடுக்கில் இருந்த மண்ணை ஈர்க்குச்சியால் எடுத்தாள். பழைய கம்பளித் துண்டால் தேய்த்துத் தேய்த்து, கடைசியில் தன் மூக்குத்தி அதில் தெரிகிறதா என்று குனிந்து பார்த்தாள். தெரிந்தது. துரை பங்களாவில் அந்த அப்பு அவளுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தான், மினுக்கின சப்பாத்து சுவரைப் பார்க்க வேண்டும், வாசலைப் பார்த்தால் தூசி ஏறும் என்று. இத்தனை அழகாக மினுக்கினதைத் தூசிக்கு விடுவாளா அவள்? இரண்டு முனையும் சுவரைப் பார்க்கிற மாதிரி பக்குவமாக வைத்துவிட்டுப் பின்னேரத் தண்ணீர் எடுக்கக் கிணற்றுக்குப் போய்விட்டாள்.

அவள் குடத்தோடு திரும்பி வந்தபோது பங்களாவில் சத்தம் இல்லை. விறாந்தையில் கார்ட்ஸ் கீழே கிடந்தது. கிழவர்கள் எல்லாரும் உள்ளே, அவரவர் கட்டிலுக்கு முன்னால், நின்றுகொண்டிருந்தார்கள். தொழுகை முடிந்து திரும்பியிருந்த சாஜன் ஐயா தன் கட்டிலின் கால்மாட்டில் நின்று சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தொப்பியை எடுத்துத் தலையில் வைத்து, அந்தச் சப்பாத்துக்கு ஒரு சலூட் அடித்தார். கை அப்போது நடுங்கவில்லை. தொப்பியைக் கழற்றித் தலைமாட்டில் வைத்தார். படுத்தார். கம்பளியை நெஞ்சுவரை இழுத்துக்கொண்டார்.

குடத்தை இடுப்பிலிருந்து இறக்காமலே மூக்காயி குசினிக்கு ஓடினாள்.

"உம்மா, சாஜன் ஐயாவுக்கு என்னமோ ஆச்சு. சப்பாத்தப் பாத்துச் சலூட் அடிக்கிறாரு."

ஆஸியா உம்மா அகப்பையோடு வந்து வாசலில் எட்டிப் பார்த்தாள். நெஞ்சில் கை வைத்தாள்.

"யா அல்லா. ஆரு புள்ள அந்தச் சப்பாத்தத் திருப்பி வெச்ச?"

"நான்தான். மினுக்கி வச்சேன்."

"மினுக்கி வெச்சியா. ஒன்ட கையால அந்த மனுசனுக்குக் குழி வெட்டி வெச்சீக்கிறாய். இங்க ஒருத்தர் மௌத்தானாத்தான் சப்பாத்து செவரப் பாக்கும். மூத்த சிப்பாய் வந்து திருப்பி வெப்பார். திரும்பின சப்பாத்த ஒருத்தரும் பொறகு தொடமாட்டாங்க. அந்த ஆளோட பேசவும் மாட்டாங்க. மையத்தோட என்ன பேச்சு?"

மூக்காயிக்குக் குடம் கனத்தது. இறக்கி வைத்துவிட்டு நேரே உள்ளே நடந்தாள். சப்பாத்தைத் தொடக் குனிந்தபோது ஒரு கம்பு குறுக்கே வந்தது. கணபதியின் கம்பு. சதா சிரிக்கிற முகத்தில் சிரிப்பு இல்லை. தலையை மட்டும் ஆட்டினார், வேண்டாம் என்று.

"சாஜன் ஐயா," என்றாள் மூக்காயி. "நான் தெரியாத்தனமா வச்சதுங்க. தூசி படக்கூடாதுன்னு வச்சது. சத்தியமா வேற ஒண்ணும் இல்லைங்க."

கிழவர் கண்ணைத் திறந்தார். கோபம் இல்லாத கண்.

"தெரியும் மகள். நல்லா மினுக்கி இருக்கிறாய். நான்கூட அப்பிடி மினுக்கினது இல்ல."

"அப்ப எழும்புங்க."

"போகச் சொல்லி ஓடர் வந்திட்டு. நீ அதக் கொண்டு வந்தாய், அவ்வளவுதான். தபால்காரனோட ஆரும் சண்டை பிடிக்கிறதா?"

"யாரு குடுத்த ஓடருங்க? நான் குடுக்கலையே."

அவர் விரலை மேலே காட்டினார். கண்ணை மூடிக்கொண்டார்.

அன்றைக்குக் கஞ்சி திரும்பி வந்தது. மறுநாளும் வந்தது. ஒரு மிடறு தண்ணீர், தொழுகைக்கு மட்டும் எழும்புதல், அவ்வளவுதான். விடுதியின் மேற்பார்வையாளர் ஒரு பறங்கிக்காரர், கீப்பர் ஐயா என்பார்கள், நல்ல மனுஷன். விஷயம் கேள்விப்பட்டு வந்து, "என்ன ஹாஷிம், இது என்ன பைத்தியம்?" என்று சொல்லிக்கொண்டே சப்பாத்தை எடுத்து நடையைப் பார்க்க வைத்துவிட்டுப் போனார். அவருடைய காலடிச் சத்தம் மறையும்வரை சாஜன் ஐயா காத்திருந்தார். பிறகு மெல்ல எழும்பி, சப்பாத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்துவிட்டுப் படுத்துக்கொண்டார். டவுனிலிருந்து டாக்டர் வந்தார். நாடி பார்த்தார், நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார். காய்ச்சல் இல்லை, நோவு ஒன்றும் இல்லை, சாப்பிட வையுங்கள் என்றார். சாப்பிட வைக்கத் தெரிந்திருந்தால் அவரை ஏன் கூப்பிட்டிருப்பார்கள்?

காலையில் தண்டவாளத்தில் மணி அடிக்கும். கிழவர்கள் முற்றத்தில் வரிசையாக நிற்பார்கள். குரல் கொடுக்க ஆள் இருக்காது. கொஞ்ச நேரம் நின்று பார்ப்பார்கள். பிறகு அவரவர் பாட்டுக்குக் கலைந்து போவார்கள். குரல் இல்லாமல் அவர்கள் முதல் நாள் மூக்காயி நினைத்த மாதிரியே மருந்துக்கு நிற்கிற சனமாக இருந்தார்கள். ஒரு சோடி சப்பாத்தால் ஒரு பட்டாளத்தையே கலைத்துவிட்டோமே என்று அவளுக்கு இருந்தது.

சாஜன் ஐயாவின் முகம் நாளுக்கு நாள் மெலிந்தது. ஆனால் அதில் ஒரு அமைதி. அவர் அழவில்லை, பயப்படவில்லை, யாரையும் திட்டவில்லை. வண்டி வரும்வரை ஸ்டேஷனில் மூட்டையைக் கட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிற ஆள் மாதிரி இருந்தார். அந்தக் கட்டிலின் பக்கம் போகும்போது மூக்காயி தன்னையறியாமல் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொள்வாள். சாமி வந்து நிற்கிற இடம் மாதிரி அது இருந்தது. ஆனால் எமன் வந்து நிற்கிற இடம் அது, சாமி இல்லை என்று அவளுக்குத் தெரியும். எமனோடு அவளுக்குப் பழைய கணக்கு உண்டு. ஒரு தடவை அவன் கையிலிருந்து ஒரு படி தவிட்டுக்கு நழுவி வந்தவள் அவள். அப்படிப்பட்டவள் இன்னொருவரை அவன் கையில் எடுத்துக் கொடுப்பதா? முடியாது என்று முடிவு கட்டிக்கொண்டாள். அவள் முடிவு கட்டினால் கட்டினதுதான்.

கிணற்றடியில் கணபதி ஒற்றைச் சப்பாத்தைக் கழுவிக்கொண்டிருந்தார். மூக்காயி போய் எதிரில் நின்றாள்.

"அண்ணே, பட்டாளத்துல ஒரு ஓடர் வந்துச்சுன்னா அதை மாத்தவே முடியாதா?"

"ஏன் முடியாது? அடுத்த ஓடர் வந்தா முந்தினது போச்சு. போன்னு சொல்லுவான், போவோம். திரும்புன்னு சொல்லுவான், திரும்புவோம். எதுக்குப் போனோம், எதுக்குத் திரும்பினோம்னு கேட்டதே இல்ல."

"அப்ப நீங்க ஒரு ஓடர் குடுங்க அவருக்கு."

"நானா?" கணபதி சப்பாத்தைக் கீழே வைத்தார். "அவரு எனக்கு மேல, தாயி. இங்க இருக்கிற எல்லாருக்கும் மேல. கீழ இருக்கிறவன் மேல இருக்கிறவனுக்கு ஓடர் குடுத்தா அதுக்குப் பேரு வேற. சுட்டுப்புடுவான்."

"கீப்பர் ஐயா?"

"அவரு பட்டாளத்து ஆளு இல்லையே. தங்கமான மனுஷன், ஆனா சப்பாத்து அவர் பேச்சக் கேக்காது."

மூக்காயி வாளியைச் சாய்த்து அவருக்குத் தண்ணீர் ஊற்றினாள். தண்ணீர் வழிந்து அவள் காலை நனைத்தது.

"முத ஓடரக் கொண்டாந்தது யாரு?"

"நீதான்."

"கொண்டாந்தவ அடுத்ததையும் கொண்டாரலாமுல்ல?"

கணபதி அவளை ஏற இறங்கப் பார்த்தார். அந்த நாட்களில் முதல் தடவையாக அவர் வாயோரம் கொஞ்சம் கோணியது.

"உனக்கு ஓடர் குடுக்கத் தெரியுமா?"

"தெனம் கூட்டிக்கிட்டே கேக்கிறேன். அது பாட்டு மாதிரி மண்டைக்குள்ள கெடக்கு."

"சப்பாத்தைக் கையால தொடக்கூடாது. அத நெனப்புல வச்சுக்க."

"நான் ஏன் தொடுறேன்? போட்டுக்கிறவரு போட்டுக்கட்டும்."

மறுநாள் காலையில் மணி அடித்தது. கிழவர்கள் எழும்பினார்கள். மூக்காயி புடவையைத் தூக்கிச் சொருகி, தலையை இழுத்து முடிந்து, நெற்றியில் கட்டுக்கலைப் பிள்ளையாரின் திருநீற்றைப் பூசிக்கொண்டு உள்ளே வந்தாள். கூட்டுவதற்கு வரவில்லை என்பது அவள் நடையிலேயே தெரிந்தது. யாரும் முற்றத்துக்கு இறங்கவில்லை. ஆஸியா உம்மா குசினி வாசலில் அகப்பையோடு நின்றாள்.

"சாஜன் ஐயா."

கண் திறந்தது.

"உங்களுக்கு ஓடர் வந்தது உண்மைதானுங்க. நான் இல்லேங்கல. ஆனா ஓடர் வந்தவரு படுத்துக்கிட்டா போவாரு? பட்டாளத்துல அப்பிடியா பழக்கம்?"

அந்தக் கேள்வி அவருக்குள் எங்கேயோ இறங்கிப்போய்க்கொண்டிருந்தது.

"இல்ல," என்றார் கடைசியில்.

"அப்ப சப்பாத்தப் போட்டுக்கிட்டு நில்லுங்க. அது எப்பிடி இருக்கோ அப்பிடியே போடுங்க. நான் கை வைக்கல."

அவர் எழும்பினார். கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு கால்மாட்டுக்கு வந்தார். சப்பாத்து சுவரைப் பார்த்துக்கொண்டிருந்ததால் அவரும் சுவரைப் பார்த்துத்தான் நிற்க வேண்டியிருந்தது. நடைக்கு முதுகைக் காட்டியபடி ஒரு காலை நுழைத்தார். இன்னொரு காலை நுழைத்தார். கயிறு கட்டக் குனிய முடியவில்லை. மூக்காயி தரையில் முழங்கால் ஊன்றி, சப்பாத்தில் விரல் படாமல், கயிற்றை மட்டும் பிடித்துக் கட்டினாள். அந்தக் கால்கள் குச்சியாக இருந்தன. எத்தனை மலை ஏறின கால்கள், எத்தனை பேருக்குப் பின்னால் பாடையோடு நடந்த கால்கள்.

கட்டி முடித்து எழும்பி, நடையின் அந்தக் கோடிக்குப் போய் நின்றாள். எல்லாருடைய கண்ணும் அவள் மேல். தேயிலை மலையில் பள்ளத்தில் நிற்கிறவளைக் கூப்பிடுகிற குரலைத் தொண்டை கிழிய எடுத்தாள்.

"அட்டென்ஷன்."

சுவரைப் பார்த்து நின்ற முதுகு நிமிர்ந்தது. அவருடையது மட்டுமா. இரண்டு வரிசையிலும் குதிகால்கள் ஒட்டுகிற சத்தம் கேட்டது. கண் தெரியாதவரும் நின்றார். தனக்காக அத்தனை பேர் நிற்கிறார்கள் என்று நினைத்தால் விழுந்துவிடுவாள். அதனால் மூக்காயி அதை நினைக்கவில்லை. அடுத்ததைச் சொன்னாள்.

"அபௌட் டேர்ன்."

ஒன்றும் நடக்கவில்லை. வெளியே பலா இலையிலிருந்து மழைத்தண்ணீர் சொட்டுகிற சத்தம் கேட்டது. அவர் விழப்போகிறார் என்று ஆஸியா உம்மா நினைத்தாளாம். எல்லாம் முடிந்தது என்று கணபதி நினைத்தாராம்.

பிறகு வலது குதிகால் தரையில் அழுந்தியது. இடது குதிகால் எழும்பியது. நாள்கணக்கில் சோறு காணாத அந்தக் கிழ உடம்பு, பதினைந்து வயதுப் பொடியன் பரேட்டில் திரும்புகிற மாதிரி, ஒரே வெட்டில் திரும்பியது. கால் வந்து காலோடு சேர்ந்த சத்தம் கற்சுவரில் பட்டுத் திரும்பி வந்தது. சப்பாத்தின் முனை இரண்டும் நடையைப் பார்த்துக்கொண்டு நின்றன. அதில் மினுக்கம் இன்னும் போகவில்லை.

அந்தக் காட்சியைக் கண்டவர்களிடம் பிறகு கேட்டால், என்ன நடந்தது என்று சொல்வார்கள், எப்படி நடந்தது என்று சொல்லத் தெரியாது. அந்தத் திருப்பத்தை எடுத்தது அவருடைய புத்தி இல்லை. புத்திக்கு முந்தி அவர் எலும்புக்குள் போய் உட்கார்ந்திருந்த ஏதோ ஒன்று. அது அவரைத் திரும்பக் கொண்டுவந்தது.

சாஜன் ஐயா மூக்காயியைப் பார்த்தார். தன் காலைப் பார்த்தார். மறுபடியும் அவளைப் பார்த்தார்.

"இந்த ஓடர் ஆரு குடுத்த?"

மூக்காயி விரலை மேலே காட்டினாள்.

"நான் கொண்டாந்தேன், அவ்வளவுதானுங்க," என்றாள்.

அவர் கன்னம் துடித்தது. சிரிப்போ அழுகையோ தெரியவில்லை. ஆனால் மூக்காயி இன்னும் வேலையை முடிக்கவில்லை. "க்விக் மார்ச்" என்று போட்டாள் ஒரு போடு. அவர் நடந்தார். இரண்டு பக்கமும் விழுந்தால் பிடிக்கக் கை நீட்டிக்கொண்டு கிழவர்கள் பின்னால் நடந்தார்கள். முற்றத்தில் கொடிக்கம்பத்தடியில் தன் இடத்தில் போய் நின்று, கொஞ்சம் மூச்சு வாங்கி, அவர் தன் குரலை எடுத்தார். முன்பு இருந்த கனம் அதில் இல்லை. ஆனாலும் வரிசை நிமிர்ந்தது. மூக்காயி விறாந்தைத் தூணைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

பிறகு குசினிப் பக்கம் வந்து அவர் கேட்டது ஒரே கேள்வி.

"ஆஸியா, கஞ்சி ஈக்கா?"

"ஈக்கி, ஈக்கி. இத்தின நாளாத் திருப்பி அனுப்பின எல்லாக் கஞ்சியும் ஈக்கி. உக்காருங்க."

கணபதிக்கு மறுபடி வாய் திறந்துவிட்டது. "தாயி, என் ஒத்தச் சப்பாத்து மட்டும் உன் கண்ணுல படாம இருக்கட்டும். எனக்கு அபௌட் டேர்ன் போட்டா நான் விழுந்துதான் சாவேன்."

சாஜன் ஐயா கஞ்சியை ஊதிக்கொண்டே மூக்காயியைப் பார்த்தார். "ஓடர் குடுத்தாத் தொண்டையால குடுக்கக்கூடாது மகள், வயித்தால குடுக்கணும். ரெண்டாவது ஓடர் சரி. மூணாவது கொஞ்சம் அவசரம்." அவர் தந்த பாராட்டு அவ்வளவுதான். மூக்காயிக்கு அது போதும்.

அதற்குப் பிறகு அவர் வருடக்கணக்கில் இருந்தார். மலேரியாக் காய்ச்சல் ஊர் ஊராக வாரிக்கொண்டு போன அந்தக் கொடிய வருடத்தையும் கடந்தார். கை நடுக்கம் போகவில்லை. சப்பாத்தை மூக்காயிதான் மினுக்கினாள், அதற்கு மட்டும் விதி மாறியது. மினுக்கினதும் முனை நடையைப் பார்க்கிறதா என்று ஒரு தடவைக்கு நாலு தடவை பார்ப்பாள். மற்றவர்கள் போனபோது சப்பாத்து திரும்பியதையும் அவள் கண்டாள். அதற்கெல்லாம் அவள் குறுக்கே நிற்கவில்லை. எது யார் கொண்டுவந்தது என்று அவளுக்கு வித்தியாசம் தெரியும்.

மலேரியா ஓய்ந்த மறுவருடம் ஒரு காலையில் மணி அடித்தும் அவர் எழும்பவில்லை. விடியல் சுபஹுத் தொழுகை முடித்துவிட்டுப் படுத்தவர். தொழுகைப்பாய் மடித்தபடி பக்கத்தில் இருந்தது. முகத்தில் ஒரு சுருக்கம்கூடக் கோணவில்லை. ஆஸியா உம்மா பள்ளிவாசலுக்கு ஆள் அனுப்பினாள். இப்போது பங்களாவில் மூத்த சிப்பாய் கணபதி. கம்பை ஊன்றி வந்து கால்மாட்டில் நின்றார். சப்பாத்தைத் திருப்ப வேண்டியவர் அவர். திருப்பவில்லை. மூக்காயியைப் பார்த்தார்.

"இவருக்கு ஓடர் கொண்டாறது நீதானே தாயி. நான் இடையில வரமாட்டேன்."

மூக்காயி உட்கார்ந்தாள். சப்பாத்து முந்தின நாள் மினுக்கினதுதான், ஆனாலும் முந்தானையால் இன்னொரு தடவை துடைத்தாள். பிறகு அவருக்கு மட்டும் கேட்கிற குரலில், தொண்டையால் இல்லாமல் வயிற்றால், "அபௌட் டேர்ன்" என்றாள்.

காத்திருந்தாள். இரண்டு வரிசையிலும் நின்றவர்கள் காத்திருந்தார்கள். பலா மரத்தில் ஒரு கிளி கத்திவிட்டுப் பறந்தது. குதிகால் ஒன்றும் அசையவில்லை.

"சரிங்க," என்றாள் மூக்காயி. இரண்டு கையாலும் அந்தச் சோடியைத் தூக்கி, சுவர்ப் பக்கம் திருப்பி, பக்குவமாக வைத்தாள்.